மாணவர் டிக்கெட் ஆப்பில் வரவில்லை, சனிக்கிழமை மேட்ச்

அமெரிக்காவில் பிக் டென் என்ற கல்லூரி விளையாட்டு லீக்கில் உள்ள பல்கலைக்கழகம் ஒன்றில் எம்.எஸ். முதல் செமஸ்டர் படிக்கிறேன். ஜூலையில் அமெரிக்கன் ஃபுட்பால் மேட்ச்களுக்கு மாணவர் சீசன் பாஸ் வாங்கினேன். கார்டில் பணமும் போய்விட்டது. மற்றவர்களுக்குத் திங்கட்கிழமையே பார்கோடு வந்துவிட்டது. எனக்கு மட்டும் 'டிக்கெட் எதுவும் இல்லை' என்றே காட்டுகிறது.

போன் பிக்சல் 7. ஆப்பை அழித்து மறுபடி போட்டேன், லேப்டாப்பிலும் நுழைந்து பார்த்தேன். அதே கதைதான். டிக்கெட் அலுவலகத்துக்கு இரண்டு மெயில் போட்டேன்; தானியங்கி பதில் மட்டும் வந்தது. சரி, ரூம்மேட் தன் டிக்கெட்டை மாற்றித் தரலாம் என்றால், அதற்கும் என் கணக்கு வேலை செய்ய வேண்டுமாம்!

ஒரு சந்தேகம்: பாஸ் வாங்கியது என் ஜிமெயிலில், இப்போது நுழைவது பல்கலைக்கழக மெயிலில்.

இரண்டு கணக்கையும் டிக்கெட் கவுன்ட்டரில் நேரில் போய் ஒன்றாக்க முடியுமா, யாராவது செய்திருக்கிறீர்களா?