கார்ப்பரின் நாலு அறிதல் முறைகளை ஒரு வார்டு கேஸில் எப்படிப் பொருத்துவது?

கேள்வி: கிண்டி_முதலாண்டு

எம்.எஸ்சி. நர்சிங் முதலாண்டு. அடுத்த வாரம் தியரி செமினார். தலைப்பு, அமெரிக்க நர்சிங் அறிஞர் பார்பரா கார்ப்பரின் நாலு அறிதல் முறைகள், அதாவது நர்ஸுக்குத் தேவையான அறிவின் நாலு வகை: எம்பிரிக்ஸ் (அறிவியல் அறிவு), எத்திக்ஸ் (அறநெறி), பர்சனல் (தன்னை அறிதல்), ஈஸ்தடிக்ஸ் (நேரடியாக அழகியல்). ஒரு மாதிரி கேஸ் வைத்து விளக்கணும். கேஸ் கற்பனைதான், யாருடைய கேஸ் ஷீட்டிலிருந்தும் எடுக்கலை.

54 வயது அம்மா, வடசென்னையில் தெருவோரம் பூ கட்டி விற்கிறவர். 12 வருஷமாக சுகர். 30/70 பிரீமிக்ஸ் இன்சுலின் (வேகமாக வேலை செய்யும் ரெகுலர் 30 பங்கும் மெதுவானது 70 பங்கும் கலந்தது), காலை 20 யூனிட், ராத்திரி 14. காலில் சின்னப் புண், இன்ஃபெக்‌ஷன் இல்லை. ஹெச்.பி.ஏ.1.சி. (ரெண்டு மூணு மாதச் சராசரி சுகரைக் காட்டும் டெஸ்ட்) 11.2. அட்மிட் ஆன அன்று சுகர் 310. வார்டில் அதே டோஸில் மூணாம் நாள் வெறும் வயிற்றில் 148. "ஊசி தினமும் போடுறேன்" என்கிறார். ஷீட்டில் "நான்-கம்ப்ளையன்ட்" (சொன்னபடி மருந்து எடுக்காதவர்) என்று எழுதியிருக்கிறது.

நாலு கட்டம் போட்டு நிரப்பிக் கொடுத்தேன். எம்பிரிக்ஸில் லேப் ரிசல்ட், எத்திக்ஸில் கன்சென்ட், பர்சனலில் "நர்ஸின் அனுபவம்", ஈஸ்தடிக்ஸில் "அமைதியான, சுத்தமான சூழல்". கடைசி ரெண்டும் தப்பு என்று திரும்பி வந்துவிட்டது. அந்த ரெண்டுக்கும் என்ன வித்தியாசம்? இந்த கேஸில் அது எங்கே இருக்கிறது?

பதில் 1: டியூட்டர்_கீழ்ப்பாக்கம்

வார்டைச் சுத்தமாக வைப்பது நைட்டிங்கேல் 1859-லேயே சொல்லிவிட்டுப் போனது. காற்று, வெளிச்சம், சத்தம் எல்லாம் அங்கே வரும். கார்ப்பர் சொல்கிற ஈஸ்தடிக்ஸ் அது இல்லை. "அழகியல்" என்று தமிழ்ப்படுத்திய உடனே பூச்சாடி ஞாபகம் வந்துவிடுகிறது; பாதிக் குழப்பம் அந்த வார்த்தையால்தான்.

கார்ப்பரின் கட்டுரை 1978-இல் வந்தது, 1975-இல் கொலம்பியா டீச்சர்ஸ் காலேஜில் அவர் செய்த ஆய்விலிருந்து. ஈஸ்தடிக்ஸுக்கு அவர் தத்துவஞானி ஜான் டூயியிடமிருந்து ஒரு வேறுபாட்டை எடுத்துக்கொள்கிறார்: அடையாளம் காண்பது வேறு, உணர்ந்து பார்ப்பது வேறு. "இது கன்ட்ரோல் இல்லாத டயாபட்டிஸ்" என்று பார்த்ததும் பெயர் ஒட்டி நகர்ந்துவிடுவது முதலாவது. சிதறிக் கிடக்கும் விவரங்களை ஒன்றாகப் பார்த்து, இந்த ஆளுக்கு, இந்த நேரத்தில் இதற்கு என்ன அர்த்தம் என்று பிடித்து, அதற்கேற்றபடி அங்கேயே நடந்துகொள்வது இரண்டாவது. அதனால் ஈஸ்தடிக்ஸ் எப்போதும் ஒரு செயலில்தான் தெரியும். கேட்ட கேள்வியில், கை வைத்த விதத்தில், பேசாமல் இருந்த பத்து நொடியில். செமினாரில் அந்தச் செயலைக் காட்டாமல் "எம்பதி காட்டினார்" என்று எழுதினால் அந்தப் பகுதி காலிதான்.

பர்சனல் என்பது சர்வீஸ் வருஷக் கணக்கோ சொந்த வாழ்க்கையோ இல்லை. எதிரில் இருப்பவரை ஒரு கேஸாக இல்லாமல் ஆளாகச் சந்திக்கிற நிலை. அதற்குக் குறுக்கே நிற்கிற தன் எரிச்சல், தன் முன்முடிவு எது என்று தெரிந்திருப்பது. தத்துவஞானி மார்ட்டின் பூபரின் "நான்–நீ" உறவை அவர் இங்கே கொண்டுவருகிறார். உங்கள் கேஸில் அதற்கு இடம் எதிரிலேயே இருக்கிறது: "நான்-கம்ப்ளையன்ட்". அதைப் படித்த பிறகு அந்த அம்மாவிடம் பேசும் நர்ஸின் குரல் எப்படி மாறுகிறது? அதைக் கவனிப்பது பர்சனல்.

பதில் 2: நைட்_டூட்டி_சிஸ்டர்

மேம் சொன்னது சரி. ஆனால் அதற்கு முன்னால் எம்பிரிக்ஸை ஒழுங்காகச் செய்யணும். லேப் ரிசல்ட்டைக் காப்பி பண்ணினால் அது எம்பிரிக்ஸ் ஆகாது.

11.2 என்றால் கடந்த ரெண்டு மூணு மாதச் சராசரி சுமார் 275. வார்டில் அதே டோஸ் மூணே நாளில் வேலை செய்கிறது. அப்படியானால் பெரும்பாலும் வீட்டில் மருந்து உடம்புக்குள் முழுசாகப் போகலை. ஏன் போகலை என்பதை வரிசையாகத் தட்டிப் பார்க்கணும்.

சிரிஞ்ச்: பாட்டில் யூ-40 (ஒரு மில்லியில் 40 யூனிட்) என்றால் சிவப்பு மூடி சிரிஞ்ச்தான். ஆரஞ்சு மூடி யூ-100 சிரிஞ்சில் 20 கோடு வரைக்கும் இழுத்தால் 0.2 மில்லிதான் வரும், அதாவது 8 யூனிட். பாதிகூட இல்லை. மாற்றி நடந்தால் இன்னும் ஆபத்து: யூ-100 மருந்தை சிவப்பு மூடி சிரிஞ்சில் 20 வரைக்கும் இழுத்தால் 50 யூனிட் உள்ளே போய்விடும்.

கலக்கும் விதம்: பிரீமிக்ஸ் பால் மாதிரி வரணும். உள்ளங்கையில் 10 தடவை உருட்டி, 10 தடவை மேலும் கீழும் கவிழ்க்கணும். குலுக்கக் கூடாது, நுரை வந்தால் டோஸ் தப்பும்.

வைக்கிற இடம்: ஃபிரிட்ஜ் இல்லாத வீட்டில் கத்திரி வெயிலில் அலமாரியில் வைத்த மருந்து வீரியம் இழக்கும். மண்பானையில் கொஞ்சம் தண்ணீர் விட்டு, பாட்டிலை மூடி போட்ட டப்பாவில் வைத்து உள்ளே இறக்கினால் போதும். திறந்த பாட்டிலை நாலு வாரத்துக்கு மேல் வைக்கக் கூடாது.

போடுகிற இடம்: கண்ணால் பார்த்தால் மட்டும் போதாது, விரலால் தடவணும். ஒரே இடத்தில் போட்டுப் போட்டுக் கொழுப்புக் கட்டி இருந்தால் மருந்து ஏறுகிற வேகம் நாளுக்கு நாள் மாறும். ஒவ்வொரு ஊசியும் முந்தினதிலிருந்து ஒரு விரல் அகலமாவது தள்ளி.

"போட்டுக் காட்டுங்கம்மா" என்று சொல்லிவிட்டுக் கையை மட்டும் பார்க்காதீங்க. சிரிஞ்சை எவ்வளவு தூரத்தில் பிடிக்கிறார், கோட்டைப் பார்க்க ஜன்னல் பக்கம் திரும்புகிறாரா, மருமகள் முகத்தைப் பார்க்கிறாரா? கண் பார்வை, கை மரத்துப்போனது, யார் உண்மையில் ஊசி போடுகிறார்கள், எல்லாம் அந்த அரை நிமிஷத்தில் தெரியும்.

சரி, சிரிஞ்ச் முதல் போடுகிற இடம் வரை இந்த நாலும் சரியாக இருக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். இங்கேதான் உங்கள் ஈஸ்தடிக்ஸ் ஆரம்பிக்கிறது. "தினமும் போடுறீங்களா?" என்றால் "போடுறேன்" என்றுதான் யாரும் சொல்வார்கள். அந்த "போடுறேன்" ஒரு நொடி தாமதமாக வருகிறது, கை சேலைத் தலைப்பைத் திருகுகிறது. கேட்கிறவர் ஃபைலை மூடிக் கீழே வைத்துவிட்டு, கட்டில் பக்கத்து ஸ்டூலில் உட்கார்ந்து, வேறு கேள்வி கேட்கிறார்: "கோயம்பேட்டுக்குப் பூ எடுக்கப் போற அன்னைக்கு எத்தனை மணிக்கும்மா கிளம்புவீங்க? சாப்பாடு எப்போ?"

மூணரைக்குக் கிளம்பணும். ஒரு டீ. சாப்பாடு ஒன்பது மணிக்கு மேல். பிரீமிக்ஸ் போட்டால் அரை மணி நேரத்தில் சாப்பிடணும். அதிலிருக்கும் ரெகுலர் பகுதி ரெண்டிலிருந்து நாலு மணி நேரத்துக்குள் உச்சத்துக்குப் போகும். அதாவது கையில் பூ மூட்டையோடு திரும்பும் பஸ்ஸில். ரெண்டு தடவை கண்ணை இருட்டிக்கொண்டு வந்ததும் மார்க்கெட் நாளில் காலை ஊசியை விட்டுவிட்டார். அந்த அம்மா ஒழுங்கில்லாதவர் இல்லை, தன் உடம்பைக் கவனித்து முடிவெடுத்தவர். இந்தக் கேள்வி எந்த அசெஸ்மென்ட் ஃபார்மிலும் கிடையாது.

பதில் 3: தியரி_சந்தேகி

ரெண்டு விஷயத்தில் எனக்கு ஒட்டவில்லை.

ஒன்று, ஈஸ்தடிக்ஸைக் "கைப்பக்குவம்" என்று சொல்லித் தருகிற பழக்கம் இங்கே இருக்கிறது. கேட்க நன்றாக இருக்கிறது, பாதி உண்மையும்கூட. ரசத்துக்கு உப்பு போடுகிறவர் அளந்து போடுவதில்லை என்பது மாதிரி. ஆனால் கைப்பக்குவம் என்பது திறமை. வலிக்காமல் ஐ.வி. போடுவது திறமை. அந்த நேரத்தின் அர்த்தத்தைப் பிடிப்பது அதோடு சேர்ந்தால்தான் கார்ப்பர் சொல்வது. நர்சிங் அறிஞர் பெட்ரிஷியா பென்னர் 1984-இல் சொன்ன ஐந்து படிகளை, நோவிஸ் முதல் எக்ஸ்பர்ட் வரை, இதோடு போட்டுக் குழப்புவதும் உண்டு. பென்னர் பேசுவது திறமை எப்படி வளர்கிறது என்பது. கார்ப்பர் பேசுவது அறிவில் எத்தனை வகை என்பது. செமினாரில் கட்டாயம் இந்தக் கேள்வி வரும்.

ரெண்டு, சேலைத் தலைப்பைத் திருகினார் என்பதை வைத்து "பொய் சொல்கிறார்" என்று முடிவு கட்டியிருந்தால்? அதுவும் "எனக்குத் தோணுச்சு" கணக்குதான். நர்சிங் தியரி புத்தகம் எழுதிய சின், கிரேமர் இருவரும் இதைத்தான் எச்சரிக்கிறார்கள்: ஒரு அறிதல் முறை மற்றதை விட்டுத் தனியாக ஓடினால் கெட்டுப்போகும். எம்பிரிக்ஸ் தனியாக ஓடினால் நோயாளியை ஆட்டிவைக்கிற அதிகாரம். எத்திக்ஸ் தனியாக ஓடினால் இரக்கமில்லாத சட்டம். ஈஸ்தடிக்ஸ் தனியாக ஓடினால் வெறும் முன்முடிவு. மேலே சொன்ன கேஸில் தோன்றியதை உடனே ஒரு கேள்வியாக மாற்றியதால்தான் அது தப்பித்தது. பிறகு அதையும் சோதிக்கணும்: மார்க்கெட் நாள், மற்ற நாள் என்று பிரித்து வீட்டு சுகர் ரீடிங் ஒரு வாரம் எடுத்தால் தெரிந்துவிடும்.

இன்னொன்று. நாலோடு நிறுத்தாதீர்கள். நர்சிங் அறிஞர் ஜில் வைட் 1995-இல் ஐந்தாவதாக சமூக-அரசியல் அறிதலைச் சேர்த்தார். இந்த கேஸே அதில்தான் நிற்கிறது. ஓ.பி. காலையில், பூ வியாபாரமும் காலையில். ஒரு நாள் ஆஸ்பத்திரி என்றால் ஒரு நாள் வருமானம் போச்சு. டயட் ஷீட்டில் ஓட்ஸ் என்று அச்சடித்திருக்கும். அவர் சாப்பிடுவது அம்மா உணவகத்து இட்லியாக இருக்கலாம். அதில் எத்தனை இட்லி, எத்தனை மணிக்கு என்று சொல்வதுதான் அவருக்கு உதவும். சுகர், பி.பி. மாத்திரைகளை வீட்டுக்கே கொண்டுபோகும் "மக்களைத் தேடி மருத்துவம்" என்ற தமிழக அரசுத் திட்டம் 2021-இல் வந்தது; டிஸ்சார்ஜ் பிளானில் அந்த ஏரியா ஊழியரோடு இணைத்து விடுவதையும் எழுதுங்கள்.

கிண்டி_முதலாண்டு: ரொம்ப நன்றி மேம், சிஸ்டர். எத்திக்ஸில் இன்னும் கன்சென்ட் தவிர எதுவும் தோணலை. "ஊசி விட்டதை என் பையன்கிட்ட சொல்லாதீங்க" என்று அந்த அம்மா கேட்டால் அதை எடுத்துக்கலாமா?

பதில் 4: டியூட்டர்_கீழ்ப்பாக்கம்

தாராளமாக. கன்சென்டைவிட இதுதான் நல்ல எத்திக்ஸ். ரெண்டு கடமை ஒன்றோடொன்று மோதுகிறது. பையனிடம் சொல்லத் தேவையில்லை, அது அவருடைய ரகசியம். டாக்டரிடம் சொல்லியே ஆகணும். காரணம் வெறும் விதி இல்லை: 11.2-ஐ மட்டும் பார்த்து 20-ஐ 26 ஆக்கினால், அந்த அம்மா பயந்துபோய் இனிமேல் தினமும் போட ஆரம்பித்தால், மார்க்கெட் பஸ்ஸில் மயக்கம் நிச்சயம். அதனால் "பையன்கிட்ட சொல்ல மாட்டேன்மா. ஆனா டாக்டருக்குத் தெரியணும், இல்லைன்னா மருந்தைக் கூட்டிடுவாங்க" என்று முதலிலேயே சொல்லிவிடணும். யாரிடமும் சொல்ல மாட்டேன் என்று வாக்குக் கொடுத்துவிட்டுப் பிறகு ரவுண்ட்ஸில் சொல்வது துரோகம்.

டோஸ் மாற்றுவது, நேரம் மாற்றுவது, வேறு வகை இன்சுலின் என்பது டாக்டர் முடிவு. நர்ஸ் கொடுப்பது அந்த முடிவுக்குத் தேவையான தகவல். நர்ஸஸ் நோட்டில் "இன்ட்யூஷன்" என்று எழுதாதீர்கள். இப்படி எழுதலாம்: "வாரத்தில் மார்க்கெட் செல்லும் நாட்களில் காலை 3.30-க்குக் கிளம்புகிறார், முதல் உணவு 9 மணிக்குப் பின். இருமுறை தலைசுற்றல், கண் இருட்டல். அந்நாட்களில் காலை டோஸ் எடுப்பதில்லை. டாக்டருக்குத் தெரிவிக்கப்பட்டது." பழைய "நான்-கம்ப்ளையன்ட்" என்பதை அடிக்கவோ ஒயிட்னர் போடவோ கூடாது, அது சட்டப்படி ஆவணம். புதுக் குறிப்புதான் அதற்குப் பதில்.

எழுதும் வரிசைக்கு, கிறிஸ்டோபர் ஜான்ஸ் என்ற நர்சிங் அறிஞர் 1995-இல் கார்ப்பரின் நாலு முறைகளை வைத்தே, செய்ததைத் திரும்பி யோசிக்க உதவும் பிரதிபலிப்புக் கேள்விகள் அமைத்தார். அந்த வழியில் போனால் கட்டம் தேவைப்படாது. மேலே சிஸ்டர் எழுதிய காட்சியைப் பத்து வரியில் முதலில் படித்துவிடுங்கள். பிறகு அதே பத்து வரிக்குள் திரும்பிப் போய் எது எந்த அறிதல் என்று காட்டுங்கள். ஒரு வரியில் ரெண்டு மூணு சேர்ந்து வரும், அதைப் பிரிக்க மல்லுக்கட்ட வேண்டாம். ஃபைலை மூடி வைத்தது பர்சனலா ஈஸ்தடிக்ஸா என்று யாராவது கேட்டால் ரெண்டும் என்று சொல்லுங்கள்.

நைட்_டூட்டி_சிஸ்டர்: டிஸ்சார்ஜ் டீச்சிங்கில் லோ சுகரை விட்டுடாதீங்க. வியர்வை, நடுக்கம், படபடப்பு வந்தால், சுகர் 70-க்குக் கீழே இருந்தால், மூணு டீஸ்பூன் சர்க்கரை தண்ணீரில் கரைத்துக் குடிக்கணும், 15 நிமிஷம் கழித்து மறுபடி பார்க்கணும். சரியானதும் ஏதாவது சாப்பிடணும். பஸ்ஸில் தண்ணீருக்கும் ஸ்பூனுக்கும் எங்கே போவார்? அளந்த சர்க்கரையைச் சின்னப் பொட்டலமாகக் கட்டி, பூ விற்கிற காசு போடும் சுருக்குப் பையிலேயே வைத்துக்கொள்ளச் சொல்லுங்க. அந்தப் பை இல்லாமல் அவங்க வீட்டை விட்டுக் கிளம்ப மாட்டாங்க.