நெய்வேலிக்கு அடுத்து அணு உலைதானா?
(கடலூர் மாவட்டத்துக்காரங்க மூணு பேரு புனைபெயர்ல பேசிக்கிறது.)

கெடிலக்கரை:
2023 துபாய் காலநிலை மாநாட்டுல 20க்கு மேற்பட்ட நாடுகள், 2050க்குள்ள அணுமின் திறனை மூணு மடங்காக்கணும்னு கையெழுத்துப் போட்டாச்சு. காரணம் நம்ம கடலூர் மாவட்டத்துலயே இருக்கு. 1,000 மெகாவாட்டை வருஷம் பூரா ஓட்ட நெய்வேலிப் பழுப்பு நிலக்கரி சுமார் 70 லட்சம் டன் வேணும். டன்னுக்கு 5, 6 கன மீட்டர் மேல்மண்ணை வேற வாரிக் கொட்டணும். கூடங்குளம் மாதிரி உலைக்குச் செறிவூட்டின யுரேனியம் 20, 25 டன் போதும்.

உப்பளம்:
எரிபொருள் மலிவுதான், யார் இல்லேன்னா? கழுத்தை நெரிக்கிறது வட்டி. கட்டுமானச் செலவை வருஷா வருஷம் சமமாப் பிரிச்சு 10% வட்டிக்கு வாங்கினதா வையுங்க. 5 வருஷத்துல முடிஞ்சா 1 ரூபாய் 1.22 ஆகும். 15 வருஷம் இழுத்தா 2.12. பிரான்ஸ்ல பிளமான்வில் மூணாவது உலை 2007-ல தொடங்கி 2024 டிசம்பர்லதான் மின் தொகுப்புல சேர்ந்துச்சு. கூடங்குளம் முதல் உலையும் 2002-ல தொடங்கி 2014 கடைசியிலதான் வணிக உற்பத்திக்கு வந்துச்சு.

கெடிலக்கரை:
கூடங்குளத்துல போராட்டமும் குறுக்கே இருந்துச்சுங்க. பிளமான்வில்ல மாட்டினது பற்றவைப்பு (வெல்டிங்). நீராவிக் குழாய், உலையை மூடியிருக்குற கவசக் கட்டிடச் சுவரைத் தாண்டுற இடத்துல 8 பற்றவைப்பு தரமில்லன்னு 2019-ல திருத்தச் சொன்னாங்க. கை நுழையாத இடம், ரோபோ விட்டுத்தான் செய்யணும். பல வருஷம் உலையே கட்டாத நாட்டுல கை மறந்துபோச்சு. சீனாவுல ஒரே வடிவத்தைத் திரும்பத் திரும்பக் கட்டுறான், பெரும்பாலும் 5, 6 வருஷத்துல முடிக்கிறான்.

உப்பளம்:
பெரிய உலை இழுக்குதுன்னா, அடுத்து அளவுல சின்னதான 'சிறு உலை'ன்னு வருவீங்க. அமெரிக்காவுல நியூஸ்கேல் கம்பெனியோட 462 மெகாவாட் சிறு உலைத் திட்டம், மெகாவாட் மணிக்கு 58 டாலர்னு சொன்ன மின்சார விலை 89 ஆகி, 2023 நவம்பர்ல கைவிட்டாச்சு.

பழைய துறைமுகம்:
ரெண்டு பேரும் தானே புயலை மறந்துட்டீங்க. 2011 டிசம்பர் 30-ல இங்கே கம்பமெல்லாம் சாய்ஞ்சு நாள்கணக்கா இருட்டு. 3,000 மெகாவாட் வெப்பம் தர்ற உலையை நிறுத்தினாலும், அந்த நொடியில எரிபொருள்ல 200 மெகாவாட் கிட்ட வெப்பம் மிச்சமிருக்கும், ஒரு நாள் கழிச்சும் 15. அதைக் குளிர வெச்சுக்கிட்டே இருக்கணும். வெளியிலேர்ந்து வர்ற மின்கம்பி அறுந்தா டீசல் ஜெனரேட்டர்தான் குளிர்நீர்ப் பம்பை ஓட்டணும். ஜப்பான் புகுஷிமாவுல அந்த ஜெனரேட்டரைக் கீழ்த்தளத்துல வெச்சு 2011 சுனாமியில மூழ்கடிச்சாங்க.

கெடிலக்கரை:
2004 சுனாமியில கல்பாக்கம் பம்பு அறைக்குள்ள கடல் புகுந்தும் உலை பத்திரமா நின்னுச்சே. கூடங்குளத்துல இன்னும் ஒரு படி மேலே: சூடான நீராவி தானா ஏறி, வெளிக்காத்துல குளிர்ந்து, தண்ணியாத் திரும்பி இறங்கும். பம்பும் வேணாம், கரண்டும் வேணாம்.

உப்பளம்:
நீராவியைக் காத்துல குளிர வைக்கிற அந்த வெப்பமாற்றியெல்லாம் சும்மா வருதா? அதோட விலையையும் அந்த 15 வருஷ வட்டிக் கணக்கு 2.12-ஆல பெருக்கிடுங்க.