சேவைக்காலத்துக்குச் சாட்சி சம்பளச் சிட்டை: பணிக்கொடை, சேமலாப நிதி வழக்குகளில் உங்கள் அனுபவம் என்ன?

உப்புவெளி வாசகி

எங்கள் பெரியப்பா ஒரு ஐஸ் தொழிற்சாலையில் வேலை செய்து ஓய்வு பெற்றவர். ஓய்வு பெறும்போது சேவைக்காலத்தைக் கணக்கிட்டுக் கொடுக்கும் தொகையான பணிக்கொடையைக் கேட்டபோது, "இவர் எங்களிடம் சேர்ந்தது 2012இல்தான்" என்றார்கள். அவர் சேர்ந்தது 1999இல். நடுவில் கம்பனியின் பெயர்தான் மாறியது. கட்டடம், மெஷின், மனேஜர் எல்லாம் அதேதான். அங்கே 15 பேருக்கும் குறைவாகவே வேலை செய்தார்கள், அதனால் இலங்கையின் 1983ஆம் ஆண்டுப் பணிக்கொடைச் சட்டத்துக்குள் வரவில்லை. அதனால்தான் தொழிலாளி, முதலாளி வழக்குகளைக் கேட்கும் தொழில் நியாய சபைக்குப் போனோம்.

நியமனக் கடிதம் கிடையாது. வாயால் பேசித்தான் ஆள் எடுத்தார்கள். இருந்த காகிதங்களிலும் பாதி 2004 சுனாமியோடு போய்விட்டது. பெரியம்மா சேலைப் பெட்டிக்குள் வைத்திருந்த சில சம்பளச் சிட்டைகளும், சம்பளத்தில் மாதாமாதம் கழித்துச் சேர்க்கும் சேமலாப நிதியின் (EPF) கணக்குக் கூற்றுகளும்தான் மிச்சம். 2003ஆம் ஆண்டுச் சிட்டை ஒன்றில் நீலக் காபன் எழுத்து ஈரத்தில் கரைந்து, தொகையே சரியாகத் தெரியாது. ஆனால் சேமலாப நிதிக்கு 8% கழித்த வரியும், அடியில் மனேஜரின் கையெழுத்தும் தெளிவாக இருந்தன. 2014 சிட்டையிலும் அதே கையெழுத்து.

சிலவற்றுக்குப் போட்டோ கொப்பிதான் இருந்தது. ஏற்கக்கூடாது என்று மறுதரப்பு நின்றது. தொழில் நியாய சபையைச் சாட்சியக் கட்டளைச் சட்டம் கட்டுப்படுத்தாது என்று எங்கள் சட்டத்தரணி எடுத்துக் காட்டினார். 1950ஆம் ஆண்டின் கைத்தொழில் பிணக்குகள் சட்டத்திலேயே அது இருக்கிறது. தேவையான விசாரணையையும் சாட்சியத்தையும் எடுத்து, நீதியும் ஒப்புரவுமான கட்டளை தர வேண்டிய கடமையும் அதே சட்டத்தில் 31சி பிரிவில் இருக்கிறது.

அப்படியிருந்தும் முதலில் வந்த கட்டளையில் "சேவைக்காலம் நிரூபிக்கப்படவில்லை" என்று மட்டும் இருந்தது. சிட்டைகளைப் பற்றி ஒரு சொல் இல்லை. தோற்றதைவிட அதுதான் எங்களுக்குப் பெரிய வலி. நம்பவில்லை என்றால் ஏன் நம்பவில்லை என்று எழுத வேண்டாமா?

மாகாண மேல் நீதிமன்றத்துக்குச் சட்டப் பிரச்சினையில் மட்டும்தான் மேன்முறையீடு செய்யலாம். முக்கியமான ஆவணத்தைப் பார்க்காமல் விடுவதே சட்டத் தவறு என்று வாதாடினோம். வழக்கு மறு விசாரணைக்குத் திரும்பி வந்தது. இந்த முறை ஒவ்வொரு தாளாக எடுத்தார்கள். குறுக்கு விசாரணையில் இரண்டு சிட்டைகளையும் பக்கத்தில் வைத்துக் கேட்டபோது, கையெழுத்து தன்னுடையதுதான் என்று மனேஜர் ஒப்புக்கொண்டார். கணக்குக் கூற்று 2001இலிருந்துதான் இருந்தது, அதனால் 2001 முதல் சேவையை ஏற்றார்கள். முதல் இரண்டு வருடம் போனதில் பெரியப்பாவுக்கு இன்னும் மனம் ஆறவில்லை. ஆனால் ஏன் என்று எழுதியிருந்தார்கள், அதை வாசித்துவிட்டுத்தான் அவர் சரி என்றார்.

மூதூர் தங்கச்சி

வாசிக்கவே நெஞ்சு கொதிக்குது அக்கா. எங்களுடையது சேமலாப நிதிப் பிரச்சினை. என் கணவர் வேலை செய்த விடுதி, முதலாளி பங்காக அவர்கள் கட்ட வேண்டிய 12%ஐக் கட்டவே இல்லை. தொழில் அலுவலகத்தில் முறைப்பாடு கொடுத்தோம். அலுவலகத்தார் கணக்குப் பார்த்து, நிலுவை எவ்வளவு என்ற சான்றிதழோடு நீதவான் நீதிமன்றத்துக்கு அனுப்பினால், அதிலுள்ள தொகை சரியா பிழையா என்று அங்கே கிளற முடியாது. அதனால் காகிதங்களை நிறுத்துப் பார்க்கும் இடம் தொழில் அலுவலக விசாரணைதான். நாங்கள் வங்கிப் புத்தகத்தையும் வேலை முறை அட்டவணையின் படங்களையும் அங்கேயே கொடுத்தோம். அந்த அதிகாரி மாதம் மாதமாகப் பொருத்திப் பார்த்தார். அவருக்கு நல்லாயிருக்கட்டும்.

கன்னியா வீதி

இன்னொன்று. வேலை நின்று 6 மாதத்துக்குள் தொழில் நியாய சபைக்குப் போக வேண்டும். முதலாளி "அடுத்த மாதம் தாறன்" என்று சொல்லிச் சொல்லியே என் தம்பிக்கு அந்தக் காலம் கடந்துபோனது. கையில் எல்லாச் சிட்டையும் இருந்தும் அவற்றை யாரும் பார்க்கவில்லை.

உப்புவெளி வாசகி

தம்பிக்குச் சேமலாப நிதி நிலுவை ஏதும் இருந்தால் அது வேறு வழி. தொழில் அலுவலகத்தில் கேட்டுப் பார்க்கச் சொல்லுங்கோ. சிட்டைகளையும் கையோடு கொண்டுபோகச் சொல்லுங்கோ.