பூசான் சந்தைகளை ஒரு வழிகாட்டி அம்மாவோடு சுற்றினேன். உங்கள் அனுபவத்தையும் சொல்லுங்கள்

தென்கொரியாவின் கோஜே தீவுக்கு நாங்கள் குடிவந்து மூன்று வருடம் ஆகிறது. வீட்டுக்காரருக்குக் கப்பல் கட்டும் தளத்தில் வேலை. மாதம் ஒருமுறை பாலம் தாண்டி பூசான் நகரத்துக்குப் போய்ச் சாமான் வாங்கி வருவோம். ஜகல்ச்சி மீன் சந்தைக்கு மட்டும் நான்கு தடவை போயிருக்கிறேன். நான்கு தடவையும் மீன் பார்த்தேன், படம் எடுத்தேன், பொரித்த மீன் சாப்பிட்டேன், திரும்பிவிட்டேன். வரிசையாகப் பெண்களே உட்கார்ந்து மீன் விற்கிறார்களே, அது ஏன் என்று ஒரு தடவைகூட எனக்குக் கேட்கத் தோன்றவில்லை.

போன மாதம் ஐந்தாவது தடவையாக, தோழி ஒருத்தி ஏற்பாடு செய்த வழிகாட்டியோடு போனேன். எழுபது வயதைத் தாண்டிய, ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியை. ஆங்கிலம் நன்றாகப் பேசுகிறார். என் அரைகுறைக் கொரிய மொழியையும் பொறுமையாகக் கேட்டுக்கொண்டார். "சந்தை வாசலில் வேண்டாம், யோங்தோ பாலத்தடியில் நில்லு" என்று முன்னாலேயே சொல்லியிருந்தார். மீன் வாங்கப் போகிறவர்களைப் பாலத்தில் ஏன் நிற்கச் சொல்கிறார் என்று யோசித்துக்கொண்டேதான் போனேன்.

1934-ல் திறந்த பாலம் அது. கப்பல் போக வழிவிட்டு ஒரு பக்கம் மேலே தூக்கிக்கொள்ளும். 1966-ல் தூக்குவதை நிறுத்திவிட்டார்கள். பாலத்தைப் புதுப்பித்துக் கட்டிய பிறகு, 2013 முதல் மறுபடி தூக்குகிறார்கள். 1950-ல் கொரியப் போர் மூண்டு ஊர் ஊராக மக்கள் தெற்கே ஓடிவந்தபோது, வழியில் பிரிந்துவிட்டால் எங்கே சந்திப்பது என்பதற்கு எல்லோருக்கும் தெரிந்த ஓர் இடம் வேண்டியிருந்தது. "பூசான் போய் யோங்தோ பாலத்தில் நில்" என்றுதான் சொல்லிக்கொண்டார்களாம். வந்து நின்றவர்கள் ஆயிரக்கணக்கில். உறவு உயிரோடு இருக்கிறதா என்று கேட்க ஆள் வந்ததால், பாலத்தடியில் குறிசொல்கிறவர்களின் சந்தே ஒன்று உருவாகிவிட்டது.

இதைச் சொல்லிவிட்டு அந்த அம்மா என்னிடம், "நீ எந்த ஊரில் குடியிருக்கே?" என்று கேட்டார். கோஜே, ஜாங்சுங்போ பக்கம் என்றேன். என் கையைப் பிடித்துக்கொண்டார். "நீ குடியிருக்கிற ஊரில்தான்மா என் அம்மா கப்பலை விட்டு இறங்கினாங்க."

1950 டிசம்பரில், வடகொரியாவின் ஹுங்நாம் துறைமுகத்திலிருந்து ஏறக்குறைய ஒரு லட்சம் பொதுமக்களைக் கப்பல்களில் ஏற்றிக் கொண்டுவந்தார்கள். ஒரே சரக்குக் கப்பலில் மட்டும் 14,000 பேர். டிசம்பர் 25 அன்று அது வந்து சேர்ந்த இடம்தான் ஜாங்சுங்போ. வழியில் கப்பலிலேயே ஐந்து குழந்தைகள் பிறந்தன. மாலையில் நான் பிள்ளையைத் தள்ளுவண்டியில் வைத்து நடக்கிற அந்தத் துறைமுகச் சாலைதான். நினைவுக்கல் ஒன்றைப் பார்த்திருக்கிறேன், படித்ததில்லை.

அவருடைய அம்மா கோஜேயிலிருந்து பூசான் வந்து, தங்கையைத் தேடி இந்தப் பாலத்தில் பல நாள் நின்றிருக்கிறார். தங்கை வரவில்லை. பிறகு பிழைப்புக்காகச் சந்தைக்குள் போனவர் நாற்பது வருடம் அங்கேயே இருந்துவிட்டார். அன்றைக்கு நாங்கள் நடந்தது அந்த வழியில்தான்.

பாலத்தை ஒட்டியே கருவாட்டுச் சந்தை. நம் ஊர்க்காரர்கள் யாராக இருந்தாலும் இங்கே கால் நின்றுவிடும்! நெத்திலியை அளவு வாரியாகப் பெட்டி பெட்டியாகக் குவித்து வைத்திருக்கிறார்கள். விரல் நீளம் இருப்பது சாற்றுக்கு, நகம் அளவு இருப்பது வறுவலுக்கு. இதுவரை பளபளப்பைப் பார்த்தே வாங்கிக்கொண்டிருந்தேன். அந்த அம்மா ஒரு பெரிய நெத்திலியை எடுத்துத் தலையைக் கிள்ளினார். முதுகோரமாகக் கட்டைவிரல் நகத்தை ஓட்டி இரண்டாகப் பிளந்தார். உள்ளே கருப்பாக ஒட்டியிருந்த குடலைத் தட்டிவிட்டு, சதையை மட்டும் என் வாயில் போட்டார். உப்பும் இனிப்பும் கலந்த ருசி. "இந்தக் கருப்பை எடுக்காமல் கொதிக்கவைத்தால் சாறு கசக்கும். வயிறு மஞ்சளாக இருந்தால் வாங்காதே, எண்ணெய் காறிவிட்டது என்று அர்த்தம்." கடைக்காரம்மா இதைப் பார்த்துக் கோபப்படவில்லை. பின்னாலிருந்து வேறொரு பெட்டியை இழுத்து முன்னால் வைத்தார். அதுதான் நல்ல சரக்கு.

வாங்கியதற்கு மேல் ஒரு கைப்பிடி அள்ளிப் போட்டார். அதற்கு இங்கே 'தோம்' என்று பெயர். நம்முடைய கொசுறேதான்.

ஜகல்ச்சியில் என் பழைய மனத்தாங்கலைச் சொன்னேன். போன வருடம் கீழ்த்தளத்தில் உயிர்மீன் வாங்கி, மாடியில் சமைக்கக் கொடுத்தோம். மீன் விலைக்கு மேல் தலைக்கு இவ்வளவு என்று ஒரு தொகை போட்டார்கள். ஏமாற்றுகிறார்கள் என்று சண்டை போட்டுவிட்டு வந்தோம். அந்த அம்மா சொன்னார்: அது இலை போடுகிற கூலி மாதிரி. தொட்டுக்கொள்ள வைக்கும் கூட்டு, காரச் சட்னி, கீரை எல்லாவற்றுக்கும் சேர்த்து வாங்குவது. எல்லாக் கடையிலும் உண்டு. முன்கூட்டியே கேட்டுவிட்டால் சண்டையே வராது. எனக்கு வருத்தமாகப் போயிற்று. அன்றைக்கு அந்தப் பெண்ணிடம் குரலை உயர்த்தியது நான்தான்.

கட்டடத்துக்கு வெளியே, தெருவோரம் சிவப்பு ரப்பர் தொட்டிகளுக்குப் பின்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருக்கும் பெண்களை 'ஜகல்ச்சி அஜிமே' என்கிறார்கள். போரில் கணவனை இழந்தவர்கள், அகதியாக வந்து கையில் ஒன்றும் இல்லாதவர்கள் இந்தக் கூழாங்கல் கரையில் உட்கார்ந்து மீன் விற்க ஆரம்பித்தார்கள். 'ஜகல்' என்றாலே கூழாங்கல்தான். இன்று இருப்பவர்களில் மாமியாரிடமிருந்தும் தாயிடமிருந்தும் இடத்தை வாங்கிக்கொண்டவர்கள் உண்டு. சந்தையின் முழக்கம் பூசான் வட்டார வழக்கில் இருக்கிறது: "ஓஇசோ, போஇசோ, சாஇசோ." வாங்க, பாருங்க, வாங்கிட்டுப் போங்க.

அவர்களைக் கூப்பிடவும் கற்றுக்கொடுத்தார். "அஜும்மா (நடுவயதுப் பெண்) என்று கூப்பிட்டால் சிலருக்குப் பிடிக்காது. 'இமோ' என்று கூப்பிடு." இமோ என்றால் அம்மாவின் தங்கையோ அக்காவோ. அப்பாவின் உடன்பிறந்தாளுக்கு வேறு சொல், 'கோமோ'. சித்தி வேறு, அத்தை வேறு என்று பிரித்து வைத்திருக்கிற மொழி. நான் "இமோ!" என்றதும், அதுவரை முகம் திருப்பி மீன் செதிலை உரசிக்கொண்டிருந்தவர் நிமிர்ந்து சிரித்தார். இனி அவரைத் தவிர வேறு யாரிடமும் நான் கானாங்கெளுத்தி வாங்கப் போவதில்லை.

சாலையைத் தாண்டினால் குக்ஜே சந்தை. 1945-ல் ஜப்பானிய ஆட்சி முடிந்தபோது அவர்கள் விட்டுப்போன சாமான்களும், ஜப்பானிலிருந்து திரும்பி வந்த கொரியர்கள் கொண்டுவந்த சாமான்களும் கூவி விற்கப்பட்ட காலி இடம் அது. முதலில் 'தொத்தேகி' சந்தை என்று பெயர். மொத்தமாக அள்ளி வாங்குவது என்று பொருள் சொல்கிறார்கள். இன்றைக்கும் கொரியர்கள் சத்தமும் குழப்பமுமான இடத்தை 'தொத்தேகி சந்தை போல' என்கிறார்கள், நாம் 'சந்தைக்கடை மாதிரி' என்று சொல்வதைப் போல. அதை ஒட்டிய புப்யோங் சந்தைக்கு 'க்காங்தோங்' என்று இன்னொரு பெயர். தகர டப்பா என்று அர்த்தம். அமெரிக்க ராணுவ முகாம்களிலிருந்து வெளியே வந்த டப்பா உணவுகள் இங்கேதான் கைமாறின. வழிகாட்டி அம்மாவின் தாயார் விற்றதும் அதைத்தான். இன்று மண்பானைக் கடையாக இருக்கும் ஒரு மூலையைக் காட்டி, "இங்கே" என்று மட்டும் சொன்னார். வேறு எதுவும் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை.

சாப்பிட்ட எல்லாவற்றிலும் அந்தக் காலத்து இல்லாமை இருக்கிறது. வடகொரியாவிலிருந்து வந்தவர்கள், ஊரில் மரக்கோதுமையில் (பக்வீட்) பிழிந்த குளிர் நூடுல்ஸைப் பூசானில், உதவியாக வந்த கோதுமை மாவில் பிழிந்தார்கள். அதுதான் மில்ம்யோன். பக்கத்து போசுதோங் பழைய புத்தகச் சந்தும் அப்படித்தான். வடக்கிலிருந்து வந்த ஒரு தம்பதி ராணுவ முகாமிலிருந்து கழிந்த பத்திரிகைகளைப் பெட்டியில் அடுக்கி விற்றதில் தொடங்கியது. மலைச்சரிவில் கூடாரம் போட்டு நடந்த பள்ளிகளுக்குப் போகும் பிள்ளைகள் அந்த வழியாக நடந்ததால் பாடப்புத்தகம் விற்கும் தெருவாகிவிட்டது.

உங்களில் யாருக்காவது இப்படி ஒரு நாள் கிடைத்திருந்தால் எழுதுங்கள்.

மறுமொழி, சியோலிலிருந்து

அக்கா, கருவாட்டுக் கடை பகுதியைப் படித்தேன். நான் சைவம், ஆனாலும் விடாமல் படித்தேன். என் அனுபவம் சியோல் குவாங்ஜாங் சந்தையில். 1905-ல் தொடங்கிய சந்தை. கூட வேலை பார்க்கும் கொரியப் பெண் தன் பாட்டியோடு என்னை அழைத்துப் போனாள். கல் இயந்திரத்தில் பாசிப்பருப்பை அரைத்து, அப்படியே எண்ணெயில் ஊற்றி எடுக்கிறார்கள். பிந்தேத்தோக் என்கிறார்கள், எனக்கு அடை. பல கடைகளில் மாவிலேயே பன்றி இறைச்சி கலந்திருக்கும், அது பார்த்தால் தெரியாது. பாட்டி மூன்று கடை ஏறி இறங்கி விசாரித்து, இறைச்சி சேராத மாவு எங்கே இருக்கிறது என்று கண்டுபிடித்துக் கொடுத்தார். அது இல்லாவிட்டால் பட்டினிதான். 'காய்கறி மட்டும்' என்று கேட்டால் போதாது. நெத்திலிச் சாற்றை இங்கே யாரும் அசைவமாக நினைப்பதில்லை. "இறைச்சி, மீன், நெத்திலிச் சாறு மூன்றும் வேண்டாம்" என்று தனித்தனியாகச் சொல்ல வேண்டும். பூசானில் சைவர்களுக்கு ஏதாவது கிடைக்குமா?

மறுமொழி, தேகுவிலிருந்து

வணக்கம் அக்கா. நான் இங்கே ஆராய்ச்சி மாணவன். பூசானின் குபோ சந்தையை யாரும் சொல்லவில்லையே. நாள்தோறும் கடை உண்டு என்றாலும் 3, 8 என்று முடியும் தேதிகளில்தான் அசல் சந்தை. ஐந்து நாளுக்கொரு முறை கூடும் பழைய வழக்கம் அது. பேராசிரியரின் மனைவி அழைத்துப் போனார். மலைக்கீரை விற்கும் பாட்டிகள் காலையிலேயே பேருந்தில் மூட்டையோடு வந்து நடைபாதையில் துணி விரித்துவிடுகிறார்கள். அங்கே நாய் இறைச்சிக் கடைகள் பல வருடம் இருந்தன. வியாபாரிகளும் நகராட்சியும் பேசி 2019-ல் மூடினார்கள். அந்த இடத்தின் முன் நின்று அவர் அதை மறைக்காமல் சொன்னது எனக்குப் பெரிதாகப் பட்டது. நாடு முழுக்கத் தடைசெய்யும் சட்டமும் 2024-ல் நிறைவேறிவிட்டது.

மறுமொழி, சுற்றுலா வந்துபோனவர்

எனக்கு நேர்மாறான அனுபவம். குடும்பத்தோடு ஒரு குழுச் சுற்றுலாவில் வந்தோம். கொடி பிடித்த வழிகாட்டி சந்தைக்குள் இருபது நிமிடம் விட்டார். அடுத்த ஒன்றரை மணி நேரம் ஒரு ஜின்செங் (மூலிகை வேர்) கடையில் உட்காரவைத்தார். அம்மாவுக்கு மூட்டு வலி இருப்பதைத் தெரிந்துகொண்டு பெரிய தொகைக்கு ஒரு டப்பாவைத் தலையில் கட்டிவிட்டார்கள். வழிகாட்டி என்றாலே எனக்கு இப்போது பயம்.

பதிவு எழுதியவர்

உங்கள் அம்மாவுக்கு நடந்ததைப் படித்து மனசு கனத்துவிட்டது. எங்களோடு வந்த வழிகாட்டி அம்மா முதலிலேயே ஒன்று சொன்னார்: "நான் கடைக்கு அழைத்துப் போவேன், வாங்கு என்று சொல்லமாட்டேன்." அன்று முழுக்க எந்தக் கடைக்காரரும் அவரிடம் தனியாகப் பேசவில்லை. வழிகாட்டியைக் கூப்பிடும் முன், எந்தெந்த இடம், ஒவ்வொன்றிலும் எவ்வளவு நேரம் என்று எழுதி வாங்கிவிடுங்கள். பட்டியலில் ஜின்செங், அழகுசாதனம் என்று கடை இருந்தால் விலகிவிடுங்கள்.

சைவம் கேட்ட தங்கைக்கு: புப்யோங் சந்தைக்குள் கஞ்சிக் கடைச் சந்து ஒன்று இருக்கிறது. பூசணிக் கஞ்சி, சிவப்புக் காராமணி மாதிரிப் பயற்றுக் கஞ்சி இரண்டையும் பெரிய பானையில் வைத்திருப்பார்கள். திரைப்படச் சதுக்கத்தில் விதை ஹோத்தோக் கிடைக்கும். மாவுருண்டையைத் தட்டி எண்ணெயில் பொரித்து, கத்தரிக்கோலால் ஓரத்தை வெட்டி, அந்த வாய்க்குள் சூரியகாந்தி விதையும் பூசணி விதையும் நிலக்கடலையும் கரண்டி கரண்டியாகத் திணித்துக் காகிதக் கோப்பையில் கொடுப்பார்கள். உள்ளே சர்க்கரைப் பாகு கொதித்துக்கொண்டிருக்கும், உடனே கடிக்காதீர்கள். எந்த எண்ணெய் என்று ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளுங்கள். இரவுச் சந்தையும் புப்யோங் சந்தையிலேயே. 2013-ல் திறந்தது, கொரியாவில் நிரந்தரமாக நடக்கும் முதல் இரவுச் சந்தை அதுதான். ஆனால் கூட்டத்தில் நின்று பேசமுடியாது. பகலில் போங்கள்.

சில்லறை நோட்டு கொண்டுபோங்கள். பல பாட்டிகள் அட்டையில் வங்கிக் கணக்கு எண்ணை எழுதி மாட்டியிருக்கிறார்கள், உள்ளூர்க் கணக்கு இருந்தால் அதிலேயே போடலாம். ஜகல்ச்சிக்கு மாதத்தில் சில செவ்வாய்க்கிழமை விடுமுறை. முகத்தருகே கேமராவைக் கொண்டுபோகும் முன் கேளுங்கள்.

போன ஞாயிற்றுக்கிழமை ஜாங்சுங்போ நினைவுக்கல்லைப் படம் எடுத்து அந்த அம்மாவுக்கு அனுப்பினேன். இரண்டு நாள் பதில் இல்லை. பிறகு, அடுத்த மாதம் பேத்தியை அழைத்துக்கொண்டு கோஜே வருவதாக எழுதியிருந்தார். அவருக்கு மீன்குழம்பு வைக்க வேண்டும். இங்கே கிடைக்கும் மீனில் கானாங்கெளுத்தி நன்றாக வருமா, வாளை மீன் நன்றாக வருமா? புளிக்கு என்ன செய்கிறீர்கள் என்றும் சொல்லுங்கள்.