ஷீலா கீத்: தொலைக்காட்சியின் துணை நடிகை திகில் படங்களின் முகமானது எப்படி?

கீற்றுக்கொட்டகை (கேள்வி)

பிரிட்டிஷ் இயக்குநர் பீட் வாக்கரின் ‘ஃப்ரைட்மேர்’ (1974) படத்தை அண்மையில் பார்த்தேன். மனிதரைக் கொன்று தின்றதற்காக 1957இல் கணவனோடு மனநல விடுதியில் அடைக்கப்பட்டு, குணமாகிவிட்டதாக மருத்துவர்கள் சான்றளித்த பிறகு வெளியே வந்து, ஒதுக்குப்புறமான பண்ணை வீடொன்றில் வாழும் டோரதி யேட்ஸ் என்ற பெண்ணாக ஷீலா கீத் நடித்திருக்கிறார். கணவனின் முதல் தாரத்து மகள், இறைச்சிக் கடையில் வாங்கிய விலங்கு மூளையைக் காகிதத்தில் சுற்றி, மனித மூளை என்று நம்பவைத்து இரவில் கொண்டுவந்து கொடுக்கிறாள். அந்தப் பொட்டலத்தை எதிர்பார்த்து நிற்கும்போது ஷீலா கீத்தின் முகத்தில் வெறி தெரியவில்லை. விடுமுறைக்கு வரும் உறவினரின் பையைப் பார்க்கும் குழந்தையின் ஆவல்தான் தெரிகிறது. அதுவே என்னை உலுக்கியது.

அவர் 1920இல் பிறந்தவர். ஐம்பதைக் கடந்த பிறகே இத்தகைய வேடங்களுக்கு வந்திருக்கிறார். அவருடைய பட்டியலில் பெரும்பகுதி தொலைக்காட்சித் தொடர்களின் சிறு வேடங்களாக இருக்கிறது. அங்கிருந்து அவர் இங்கே வந்து சேர்ந்தது எப்படி? ஏன் பெரும்பாலும் ஒரே இயக்குநரின் படங்களில் மட்டும் காணப்படுகிறார்?

இரவுக்காட்சி (மறுமொழி)

வாக்கரின் நடிகர் தேர்வை மொத்தமாக வைத்துப் பார்த்தால் உங்கள் முதல் கேள்விக்கு விடை கிடைத்துவிடும். ‘ஃப்ரைட்மேர்’ படத்தில் டோரதியின் கணவனாக வருபவர் ரூப்பர்ட் டேவிஸ். 1960களின் தொடக்கத்தில் பிபிசியில் துப்பறிவாளர் மெக்ரேயாக நடித்து, பிரிட்டனில் வீட்டுக்கு வீடு அறிமுகமாகியிருந்தவர். ‘தி கம்பேக்’ (1978) படத்தில் ஷீலா கீத்துக்கு இணையாக வரும் பில் ஓவன், அப்போது ‘லாஸ்ட் ஆஃப் தி சம்மர் வைன்’ என்ற நகைச்சுவைத் தொடரில் எல்லோரையும் சிரிக்க வைத்துக்கொண்டிருந்தார். மாலை வேளையில் வரவேற்பறைக்குள் வந்துபோகும் முகங்களையே வாக்கர் தேடி எடுத்தார் என்று நான் கருதுகிறேன். பார்வையாளர் அந்த முகத்தைச் சந்தேகிக்க மாட்டார் என்பதால், சந்தேகத்தை எழுப்புவதற்கு எதிர்மாறாக, நம்பிக்கையைக் கொடுத்துப் பறிக்கும் வேலையை அவரால் செய்ய முடிந்தது.

ஷீலா கீத் அந்த வேலைக்கென்றே அமைந்தவர். ஸ்காட்லாந்தின் அபர்டீனில் வளர்ந்தவர். தலைமை ஆசிரியையாகவோ கன்னியர் மடத்துத் தலைவியாகவோ உடனே ஏற்றுக்கொள்ளத்தக்க கண்டிப்பான தோற்றமும், சொற்களை அளந்து விடும் குரலும் உடையவர். ‘ஹவுஸ் ஆஃப் மார்ட்டல் சின்’ (1976) படத்தில் கொலை செய்யும் கத்தோலிக்கப் பாதிரியாரின் இல்லத்தில், ஒரு கண்ணாடிச் சில்லு மட்டும் கறுத்திருக்கும் மூக்குக்கண்ணாடி அணிந்த பணிப்பெண் மிஸ் பிராபசனாக வருகிறார். இரண்டே ஆண்டுகள் கழித்து, ஆர்தர் லோ பாதிரியாராக நடித்த ‘பிளெஸ் மீ, ஃபாதர்’ நகைச்சுவைத் தொடரில் மதர் ஸ்டீபன் என்ற கன்னியாஸ்திரியாக வந்தவரும் இவரேதான். இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்தால் நடிப்பு முறையில் அவர் பெரிதாக எதையும் மாற்றிக்கொள்ளவில்லை என்பது தெரியும். அதே நிமிர்ந்த கழுத்து, அதே குறுகிய உதட்டசைவு. கதைதான் வேறு.

படச்சுருள் (மறுமொழி)

இரண்டாவது கேள்விக்கான விடை, பணம் எங்கிருந்து வந்தது என்பதில் இருக்கிறது. வாக்கர் குறைந்த செலவில் எடுத்த பாலியல் படங்களில் ஈட்டிய லாபத்தைக் கொண்டு, தன் சொந்த நிறுவனத்தின் வழியாகத் திகில் படங்களைத் தயாரித்தவர். திகில் படங்களுக்குப் பெயர்பெற்ற பிரிட்டனின் ஹாமர் நிறுவனம் கோட்டை, குதிரை வண்டி, கழுத்தைக் கடிக்கும் பிரபு என்று பழைய காலத்திலேயே நீண்ட காலம் சுற்றிக்கொண்டிருந்தது. வாக்கருக்கோ அத்தகைய அரங்கங்களுக்குச் செலவிட வழியுமில்லை, விருப்பமும் இல்லை. ஆகவே அச்சம் அவருடைய படங்களில் சமகால வீட்டுக்குள், சமையலறைக்கும் படுக்கையறைக்கும் இடையில் நடமாடியது. அதைச் சுமக்க நட்சத்திரம் தேவையில்லை. ஒரு காட்சியை முதல் முயற்சியிலேயே சரியாகச் செய்துவிடக்கூடிய, தொலைக்காட்சியின் அவசரத்தில் பழகிய நடிகை தேவைப்பட்டார். அப்படி ஒருவர் கிடைத்துவிட்டால் சொந்தப் பணத்தைப் போடும் தயாரிப்பாளர் அவரை விடுவாரா?

இங்கே திரைக்கதையாசிரியர் டேவிட் மெக்கில்லிவ்ரேயையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். ‘ஹவுஸ் ஆஃப் விப்கார்ட்’, ‘ஃப்ரைட்மேர்’, ‘ஹவுஸ் ஆஃப் மார்ட்டல் சின்’ ஆகிய மூன்றையும் எழுதியவர் அவர். பிரிட்டனில் கொலைக் குற்றத்துக்கான மரண தண்டனை 1965இல் நிறுத்திவைக்கப்பட்டு 1969இல் நீக்கப்பட்டது. பண்பாடு சீரழிகிறது என்று கூறிய ஒழுக்கவாதிகளின் இயக்கங்களும் அக்காலத்தில் வலுப்பெற்றிருந்தன. நாட்டின் சட்டம் தளர்ந்துவிட்டது என்று கருதும் ஒரு முதிய நீதிபதியும் முன்னாள் சிறை அதிகாரியும் இளம்பெண்களை அடைத்துத் தண்டிக்கத் தனியார் சிறை நடத்துவதுதான் ‘ஹவுஸ் ஆஃப் விப்கார்ட்’ கதை. அதில் ஷீலா கீத் ஏற்ற சிறைக்காவலர் பாத்திரத்தின் பெயரே வாக்கர் என்பது ஒரு குறும்பு. நீதிமன்றம், மருத்துவம், திருச்சபை என்று அடுத்தடுத்து ஒவ்வோர் அமைப்பின் மீதும் ஐயத்தை எழுப்பிய அந்தப் படங்களில், ‘மரியாதைக்குரிய’ தலைமுறையின் முகமாக நின்றவர் அவர்தான்.

மூன்றாம்மணி (மறுமொழி)

மேலே உள்ளவற்றை மறுக்கவில்லை. ஆனால் வாக்கர் அவரை முழுமையாகப் பயன்படுத்திக்கொண்டார் என்ற தொனியை ஏற்க இயலவில்லை. டோரதி ஒரு முழுமையான பாத்திரம்: சீட்டு வைத்துக் குறி சொல்வதாகத் தனிமையில் வாடுபவர்களை வரவழைத்து, அவர்களுடைய துயரத்தைக் கனிவோடு கேட்டு, பிறகு கொல்பவள், தன்னைத் தானே அடக்க முடியாமல் அழுபவளும் அவளே. அதன் பிறகு வந்தவை என்ன? ஒரு பணிப்பெண், மீண்டும் ஒரு பணிப்பெண். வின்சென்ட் பிரைஸ், கிறிஸ்டோபர் லீ, பீட்டர் குஷிங், ஜான் கேரடைன் என்ற திகில் பட நட்சத்திரங்கள் நால்வரையும் ஒன்றுசேர்த்த ‘ஹவுஸ் ஆஃப் தி லாங் ஷேடோஸ்’ (1983) படத்தில் அவர்களுக்கு நடுவே அவரும் நிற்கிறார் என்பது பெருமைக்குரியதே. ஆயினும் வெளிச்சம் நால்வர் மீதே விழுகிறது. வாக்கர் அத்துடன் படம் எடுப்பதை நிறுத்திவிட்டதால், அந்தக் கதவும் மூடிக்கொண்டது.

இரவுக்காட்சி (மறுமொழி)

ஷீலா கீத் அதைக் குறையாக எண்ணியிருக்க வேண்டும் என்பதில்லை. பிரிட்டிஷ் துணை நடிகர்களுக்கு அன்று நிலையான வருமானம் தந்தது தொலைக்காட்சிதான். திகில் படங்கள் இடையிடையே வந்த வேலைகள். இன்று நமக்கு அது தலைகீழாகத் தெரிவதற்கு வேறொரு காரணமும் உண்டு. ஒளிநாடாக்களின் விலை அதிகமாக இருந்ததாலும், மறுஒளிபரப்பைத் தொழிற்சங்க ஒப்பந்தங்கள் கட்டுப்படுத்தியதாலும், பிபிசியும் பிற நிலையங்களும் 1970கள் வரை பல நிகழ்ச்சிகளை அழித்துவிட்டு அதே நாடாவில் வேறொன்றைப் பதிவு செய்தன. அக்காலத் தொலைக்காட்சி நடிகர் எவருடைய உழைப்பும் நமக்கு முழுமையாகக் கிடைப்பதில்லை. திரைப்படச் சுருள்களோ தப்பி, வீடியோ நாடாவாகவும் குறுந்தகடாகவும் மறுபிறவி எடுத்து, 18 வயதுக்கு மேற்பட்டோருக்கு மட்டும் என்று எக்ஸ் சான்றிதழோடு வெளிவந்த காலத்தில் கிடைக்காத மதிப்பைப் பிற்பாடு பெற்றன. ஷீலா கீத் 2004இல் காலமாவதற்குள் அந்த மதிப்பில் ஒரு பகுதியாவது அவர் காதுக்கு எட்டியிருக்கும்.

கீற்றுக்கொட்டகை

மூவருக்கும் நன்றி. அடுத்து ‘ஹவுஸ் ஆஃப் மார்ட்டல் சின்’ பார்க்கவிருக்கிறேன். அதற்கு முன்பாகவே ‘பிளெஸ் மீ, ஃபாதர்’ தொடரைப் பார்த்துவிடலாமா, அல்லது வரிசையை மாற்றக்கூடாதா?

மூன்றாம்மணி (மறுமொழி)

தொடரை முதலில் பாருங்கள். அன்றைய பார்வையாளருக்கு வரிசை வேறாக இருந்தது உண்மைதான். ஆனால் மதர் ஸ்டீபனைப் பார்த்துச் சிரித்துவிட்டுப் போனால்தான் மிஸ் பிராபசன், நோயுற்ற கிழவியின் அறைக்குள் உணவுத் தட்டோடு நுழையும் காட்சி தன் வேலையைச் செய்யும்.