எவரெஸ்ட் குப்பை: 8 கிலோ யார் முதுகில்?

பனிமுகடு: "2014 விதி வந்த பிறகு எவரெஸ்ட் ஏறுபவர்கள் தங்கள் குப்பையைத் தாங்களே இறக்குகிறார்கள்" என்று ஒரு மேதாவி நேற்று எழுதியிருக்கிறார். தாங்களேவா? ஏறுபவர் தலைக்கு 8 கிலோ குப்பையைக் கீழே கொண்டுவர வேண்டும் என்பது 2014-ல் நேபாள அரசு போட்ட விதி, சரி. அந்த 8 கிலோ இறங்குவது யார் முதுகில்? அவர்களுக்குச் சுமை தூக்கும் உள்ளூர் ஷெர்ப்பா முதுகில்.

மலைப்பித்தன்: மேதாவி வந்துவிட்டேன். அந்த விதியில் குழுவுக்கு 4,000 டாலர் முன்பணம் வைத்தார்கள். குப்பை வந்தால்தான் திரும்பக் கிடைக்கும் என்றார்கள். பொறுப்பு பணம் கட்டியவருக்குத்தானே?

பனிமுகடு: பணம் கட்டினால் முதுகு வலிக்குமா? நான் கேட்டது முதுகு.

கணவாய்க்காற்று: அந்த 8 கிலோ எந்த முகாமில் பொறுக்கியது என்று இருவருமே கேட்கவில்லை. கீழ் முகாம் குப்பையைக் காட்டினாலும் எடை சரியாகிவிடும். ஏறக்குறைய 7,900 மீட்டரில், உச்சிக்கு முந்தைய கடைசி முகாமான நாலாவது முகாம் இருக்கும் தெற்குக் கணவாயில், பழைய கூடாரங்கள் பனிக்கட்டிக்குள் உறைந்து கிடக்கின்றன. கொத்தித்தான் எடுக்க வேண்டும்.

பனிமுகடு: கொத்துவது யார்? மறுபடியும் முதுகுதான்.

மலைப்பித்தன்: 2019-ல் நேபாள ராணுவமும் சுத்தம் செய்யத் தொடங்கியது. 2024-ல் 11 டன் குப்பை, 4 சடலங்கள், ஒரு எலும்புக்கூடு. சிப்பாய்க்கு முதுகு கிடையாதா?

பனிமுகடு: அதே 2024-ல் சிப்பாய்கள் கீழ்ப்பகுதியில்தான் வேலை செய்தார்கள். மேல் முகாம்களுக்குப் போனது ஷெர்ப்பாக்கள். பாதியை மட்டும் சொல்வது உங்களுக்குப் புதிதா? ஆக்சிஜன் சிலிண்டர் விவாதத்திலும் இதே வித்தைதான்.

மலைப்பித்தன்: அதை இன்னும் விடவில்லையா? காலி சிலிண்டருக்கு மறுவிலை உண்டு, அதனால் இறக்குகிறார்கள் என்றேன். இன்றும் சொல்வேன்.

புதுவரவு: இப்போது முதல் முகாமிலிருந்து டிரோன் குப்பையை இறக்குகிறதே? முதல் முகாமுக்கும் அடிவார முகாமுக்கும் நடுவே இருக்கும் ஆபத்தான கும்பு பனியருவியைச் சுமையோடு கடக்கும் நடை குறையுமே.

பனிமுகடு: டிரோன் முதல் முகாமுக்கு வரும். நாலாவது முகாமிலிருந்து அதுவரை? முதுகு!

கணவாய்க்காற்று: ஐயா, முதுகைக் கொஞ்சம் இறக்கி வையுங்கள். 2024-லிருந்து மலத்தையும் பையில் கட்டி இறக்க வேண்டும் என்று உள்ளூர் நிர்வாகம் விதித்திருக்கிறது. அதையாவது பேசுவோமா?

பனிமுகடு: பேசுவோம். அந்தப் பையைத் தூக்குவது யார்?

மலைப்பித்தன்: சுமைக்குக் கூலி வாங்குகிறார்கள். விரும்பிச் செய்யும் தொழில். நீங்கள் யாரிடம் கேட்டு அவர்களுக்காக அழுகிறீர்கள்?

பனிமுகடு: கூலி பற்றி நான் ஒரு சொல் எழுதினேனா? "தாங்களே இறக்குகிறார்கள்" என்றது நீங்கள். அந்த வரியை நீக்குங்கள்.

மலைப்பித்தன்: நீக்க மாட்டேன்.

புதுவரவு: சிலிண்டர் விவாதத்தின் சுட்டி யாரிடமாவது இருக்கிறதா?