நாவல் மாந்தருக்கு இன்றைய நோய்ப்பெயரைச் சூட்டலாமா?

மெய்யெழுத்து:

அனைவருக்கும் வணக்கம். ஆங்கிலப் புனைகதையில் நோயும் மருத்துவரும் மனமும் எவ்வாறு எழுதப்பட்டிருக்கின்றன என்பதைப் பற்றி எங்கள் வாசகர் வட்டத்தின் மலருக்கு ஒரு நீண்ட கட்டுரை எழுதிக்கொண்டிருக்கிறேன். டிக்கன்ஸ், சார்லட் பிராண்ட்டி, ஜார்ஜ் எலியட் ஆகியோரைக் கடந்து வர்ஜீனியா வுல்ஃப் வரை வந்துவிட்டேன். படிப்பவர்களுக்கு எளிதாக இருக்கட்டும் என்று கட்டுரையின் நடுவே ஓர் அட்டவணை போட்டிருந்தேன். இடப்பக்கம் பாத்திரத்தின் பெயர்; வலப்பக்கம் அவருக்கு இன்றைய மருத்துவம் சொல்லக்கூடிய நோயின் பெயர். 'மிஸஸ் டாலோவே' நாவலின் செப்டிமஸ் வாரன் ஸ்மித்துக்கு நேராக பி.டி.எஸ்.டி., அதாவது பேரதிர்ச்சிக்குப் பின் தொடரும் மனநோய், என்று இருந்தது. 'வில்லெட்' நாவலின் லூசி ஸ்னோவுக்கு நேராக மனச்சோர்வு. 'ஜேன் ஐர்' நாவலில் மூன்றாம் தளத்து அறையில் பூட்டிவைக்கப்பட்டிருக்கும் பெர்த்தாவுக்கு நேராக, மூளையைச் சிதைக்கும் பரம்பரை நோயான ஹன்டிங்டன் நோய் என்று எழுதி, ஒரு கேள்விக்குறியும் போட்டிருந்தேன்.

மெய்ப்புப் பார்த்த நண்பர் அட்டவணை முழுவதையும் பென்சிலால் சுழித்து, "இவர்கள் யாரும் உங்களிடம் வைத்தியத்துக்கு வரவில்லையே" என்று ஓரத்தில் எழுதித் திருப்பி அனுப்பிவிட்டார். கிண்டல் புரிகிறது, காரணம்தான் முழுதாகப் பிடிபடவில்லை. செப்டிமஸ் முதல் உலகப் போரில் தன் மேலதிகாரியும் நண்பனுமான எவன்ஸைப் பறிகொடுத்தவன். இறந்துபோன எவன்ஸைக் கண்ணெதிரே காண்கிறான். தன்னால் எதையும் உணர முடியவில்லையே என்று தவிக்கிறான். இதற்கு இன்று ஒரு பெயர் இருக்கும்போது அதைச் சொல்வதில் என்ன பிழை? நாவல் வெளிவந்த 1925இல் அந்தப் பெயர் கிடையாது, 1980இல்தான் அமெரிக்க மனநல மருத்துவர்களின் கையேட்டில் அது ஏறியது என்பது எனக்கும் தெரியும். ஆனால் பெயர் பிந்தி வந்ததால் நோயும் பிந்தி வந்தது என்று ஆகிவிடாதே. விவரம் அறிந்தவர்கள் வழிகாட்ட வேண்டுகிறேன்.

நாடிக்குறிப்பு:

மெய்யெழுத்து அவர்களுக்கு வணக்கம். நான் பொது மருத்துவனாகப் பணியாற்றி ஓய்வு பெற்றவன். நாவல் வாசிப்பு ஓய்வுக்குப் பிறகு தொற்றிக்கொண்ட பழக்கம். உங்கள் அட்டவணையின் பக்கம் ஒருவராவது பேச வேண்டும் என்பதால் எழுதுகிறேன்.

1836-37இல் மாத இதழ்களாக வெளிவந்த 'பிக்விக் பேப்பர்ஸ்' நாவலில் ஜோ என்றொரு பருத்த பையன் வருகிறான். உண்பான், உறங்குவான், வேலைக்கு இடையிலும் உறங்குவான். ஒரு வழக்கறிஞரின் அலுவலக வாசலில், தூங்கிவிடக் கூடாதே என்று இடைவிடாமல் கதவைத் தட்டுகிறான்; கதவு திறக்கும்போது உறங்குபவன்போலக் கண்களை மூடி நிற்கிறான். வாசகர்கள் சிரித்துவிட்டுப் போனார்கள். 1956இல் பர்வெல் என்ற அமெரிக்க மருத்துவரும் அவருடன் பணியாற்றியவர்களும், மிகு பருமனும் பகல் தூக்கமும் போதாத சுவாசமும் ஒன்றுசேர்ந்த நிலையை விவரித்தபோது, அதற்குப் 'பிக்விக்கியன் சிண்ட்ரோம்' என்றே பெயர் வைத்தார்கள். அவர்களுடைய நோயாளி சீட்டாட்டத்தில் மூன்று ஏஸும் இரண்டு கிங்கும் என்று வெல்லக்கூடிய சீட்டுகள் கையில் வந்திருந்தும் இறக்காமல் தூங்கிப்போனவர்! டிக்கன்ஸுக்கு மருத்துவம் தெரியாது. கண் முன்னே கண்டதை ஒன்று விடாமல் எழுதியிருக்கிறார், அவ்வளவுதான். எழுத்தாளர் அவ்வளவு துல்லியமாகக் குறி காட்டியிருக்கும்போது அதைப் படித்துக் கண்டுகொள்வது வாசகனின் உரிமை என்றே நினைக்கிறேன்.

ஒன்றை மட்டும் சேர்த்துச் சொல்லிவிடுகிறேன். ஜோவின் நிலை உடலில் தெரிவது. பருமனையும் தூக்கத்தையும் எதிரே நிற்பவர் எவரும் பார்க்கலாம். லூசி ஸ்னோவின் கதையை லூசியேதான் சொல்கிறாள், அவளும் எல்லாவற்றையும் சொல்வதில்லை. அங்கே நாடி பிடிக்க நமக்குக் கை கிடைக்காது.

அடிக்கோடு:

உங்கள் நண்பரின் பென்சில் சரியான இடத்தில்தான் விழுந்திருக்கிறது. பெயர் சூட்டுவது காலத்தால் பிழை என்று நான் சொல்ல மாட்டேன். நீங்கள் பட்டியலிட்டிருக்கும் நாவல்களில் குறைந்தது இரண்டு, ஒருவருடைய துன்பத்துக்கு இன்னொருவர் பெயர் வைக்கும் செயலைத்தான் கதையாக்கியிருக்கின்றன. அவற்றை விளக்க வந்த கட்டுரை தானும் பெயர் வைத்துவிட்டு நகர்ந்தால், நாவல் யாரைக் குறிவைத்து எழுதப்பட்டதோ அவருடைய நாற்காலியில் நாமே போய் உட்கார்ந்ததாகிவிடும்.

1853இல் வெளிவந்த 'வில்லெட்' நாவலை எடுத்துக்கொள்ளுங்கள். லூசி தனக்கு வந்த கடிதம் ஒன்றை யாருமற்ற பரண் அறைக்கு எடுத்துச் சென்று மெழுகுவர்த்தி வெளிச்சத்தில் படிக்கிறாள். அங்கே ஒரு கன்னிகாஸ்திரீயின் உருவத்தைக் கண்டு அலறியடித்துக் கீழே ஓடி வருகிறாள். கடிதத்தை எழுதியவரே மருத்துவர்தான். அப்போது அங்கே வந்திருந்த டாக்டர் ஜான். நடந்ததைக் கேட்டறிந்தவர், இது நெடுநாள் மனப் போராட்டத்தால் விளைந்த மாயத்தோற்றம் என்று முடிவு சொல்கிறார். மகிழ்ச்சியே இதற்கு மருந்து, அதை வளர்த்துக்கொள் என்று அறிவுரையும் தருகிறார். மகிழ்ச்சியென்ன, மண்ணில் நட்டு எருப்போட்டு வளர்ப்பதற்கு உருளைக்கிழங்கா என்று லூசி மனத்துக்குள் கொதிக்கிறாள். நல்ல மனிதர், கனிவானவர், படித்தவர். அவர் சொன்னதை நாமும் ஏறக்குறைய நம்பிவிடுகிறோம். நாவலின் முடிவுக்கு அருகில் அந்தக் கன்னிகாஸ்திரீயின் அங்கி லூசியின் கட்டிலிலேயே கிடக்கிறது. இளைஞன் ஒருவன் தன் காதலியைச் சந்திப்பதற்காகப் போட்டுக்கொண்டு திரிந்த வேடம் அது. லூசி பார்த்தது மாயையே அல்ல. அங்கே உண்மையாகவே ஓர் ஆள் நின்றிருக்கிறான். மருத்துவரின் முடிவு தவறு என்பதைச் சார்லட் பிராண்ட்டி ஒரு துணிக்குவியலைக் கொண்டு காட்டிவிடுகிறார். லூசி துயரத்தில் இருந்தது உண்மை, விடுமுறைக் காலத்துத் தனிமை அவளைக் காய்ச்சலில் தள்ளியதும் உண்மை. ஆனாலும் அந்த இரவில் அவளுடைய கண்கள் சரியாகத்தான் வேலை செய்தன. உங்கள் அட்டவணையில் 'மனச்சோர்வு' என்று ஒரு சொல்லில் அடைத்தால் இந்த அங்கியை எங்கே வைப்பீர்கள்?

செப்டிமஸின் கதை இதைவிடக் கொடியது. அவனை முதலில் பார்க்கும் டாக்டர் ஹோம்ஸ், உடம்பில் ஒன்றுமே இல்லை என்கிறார். தமக்கு எடை அரை பவுண்டு குறைந்தால் காலையில் மனைவியிடம் இன்னொரு தட்டுக் கஞ்சி கேட்பது தம் வழக்கம் என்று சொல்லி, தூங்கப் போகும்போது புரோமைடு என்ற தூக்க மாத்திரை இரண்டைத் தண்ணீரில் கரைத்துக் குடிக்கச் சொல்கிறார். அடுத்தவர் லண்டனில் மருத்துவர்களுக்குப் பேர்போன ஹார்லி தெருவின் பெரிய மருத்துவரான சர் வில்லியம் பிராட்ஷா. இரண்டு மூன்று நிமிடங்களில் அவருக்கு எல்லாம் விளங்கிவிடுகிறது. கேள்விகளுக்கான விடைகளை இளஞ்சிவப்பு அட்டை ஒன்றில் குறித்துக்கொள்கிறார். போரில் சிறப்பாகப் பணியாற்றினீர்கள் அல்லவா என்று கேட்கும்போது, "போரிலா?" என்று செப்டிமஸ் அந்தச் சொல்லையே திருப்பிக் கேட்கிறான். சொற்களுக்கு வேறு பொருள் கற்பிக்கிறான், கடுமையான அறிகுறி என்று அதுவும் அட்டையில் ஏறுகிறது. எனக்குத் தெரிந்து, நோயாளி ஒருவனின் வியப்பை நோயாக மாற்றும் கணத்தை இவ்வளவு சுருக்கமாக எழுதிக் காட்டியவர் வேறு எவருமில்லை. பைத்தியம் என்ற சொல்லை மட்டும் பிராட்ஷா வாயெடுத்தும் சொல்வதில்லை. 'புரப்போர்ஷன்' (எதையும் அதனதன் அளவில் வைத்துப் பார்க்கும் உணர்வு) இல்லை என்பார். படுக்கையில் ஓய்வு, தனிமை, நூலோ நண்பரோ இல்லாத ஆறு மாதங்கள், அதன் பயனாக 7 ஸ்டோன் 6 பவுண்டு எடையுடன் போனவர் 12 ஸ்டோன் எடையுடன் திரும்புவார். நம் கணக்கில் 47 கிலோ 76 கிலோவாகிறது. வுல்ஃப் இந்த ஓய்வுச் சிகிச்சையைத் தம் உடம்பிலேயே பட்டு அறிந்தவர் என்பதால் அந்தப் பத்திகளில் கேலி கசந்துபோய் வருகிறது.

இனி உங்கள் கேள்விக்கு நேராக வருகிறேன். நீங்கள் தேடும் பெயர், அந்தக் காலத்து வடிவில், நாவலுக்குள்ளேயே இருக்கிறது. செப்டிமஸ் ஜன்னலிலிருந்து குதித்து இறந்த அன்றைய இரவு, நாவலின் நாயகி கிளாரிசா டாலோவேயின் விருந்துக்குத் தாமதமாக வந்து சேரும் பிராட்ஷா, அவளுடைய கணவரும் நாடாளுமன்ற உறுப்பினருமான ரிச்சர்ட் டாலோவேயிடம், போர்முனை அதிர்ச்சியால் வரும் 'ஷெல் ஷாக்' தாமதமாக விளைவிக்கும் பாதிப்புகளுக்குச் சட்ட முன்வரைவில் ஏதேனும் இடம் ஒதுக்க வேண்டும் என்று பேசிக்கொண்டிருக்கிறார். மருத்துவர் மையர்ஸ் 1915இல் 'லான்செட்' இதழ் வழியே பரவச் செய்த சொல் அது. பெயர் சரியானதுதான். நோயாளி இறந்த பிறகு, வேறொருவரிடம், விருந்து மண்டபத்தில் அது சொல்லப்படுகிறது.

மெய்யெழுத்து:

அடிக்கோடு அவர்களுக்கு மிக்க நன்றி. விருந்தில் வரும் அந்த வரியை நான் இரண்டு முறை படித்தும் கவனிக்காமல் கடந்திருக்கிறேன் என்பதை வெட்கத்துடன் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் பெர்த்தாவின் நிலை வேறல்லவா? அவளுக்குப் பேச்சே தரப்படவில்லை. நான்கு காலில் ஊர்ந்து உறுமுவதாக மட்டுமே காட்டப்படுகிறாள். அப்படிப்பட்டவளுக்கு ஒரு நோய்ப்பெயரைக் கொடுப்பது அவளை மிருகநிலையிலிருந்து மீட்பதாகாதா?

பின்னட்டை:

இந்த எண்ணம் எனக்கும் ஒரு காலத்தில் இருந்தது. ஹன்டிங்டன் தம் பெயரால் அறியப்படும் நோயை விவரித்தது 1872இல். 'ஜேன் ஐர்' வெளிவந்து 25 ஆண்டுகள் கழித்து. ஜோவின் கதையைப் போல இங்கும் எழுத்தாளர் முந்திக்கொண்டார் என்று சொல்ல ஆசையாக இருக்கும். ஆனால் சார்லட் பிராண்ட்டி எதை மனத்தில் வைத்து எழுதினார் என்பதற்கு அவருடைய கையெழுத்திலேயே சான்று இருக்கிறது. 1848 ஜனவரியில் தம் பதிப்பகத்தைச் சேர்ந்த வில்லியம்ஸுக்கு எழுதிய கடிதத்தில், நல்லதும் மானுடமானதும் முற்றாக மறைந்துபோகும் ஒருவகைப் பித்து உண்டு என்றும் அதை ஒழுக்கப் பித்து எனலாம் என்றும் குறிப்பிடுகிறார். பிரிச்சர்ட் என்ற மருத்துவர் 1835இல் எழுதிய நூலால் பரவியிருந்த கருத்துக்கு அது மிக நெருக்கமானது. ஆகவே பெர்த்தா பெயரில்லாமல் இல்லை. அவளைப் படைக்கும்போதே அவளுக்கு ஒரு பெயர் கொடுக்கப்பட்டிருந்தது. அந்தப் பெயர்தான் அவளை நான்கு காலில் ஊரவிட்டது. அதே கடிதத்தில், இத்தகைய நிலையைக் கண்டால் ஆழ்ந்த இரக்கமே எழ வேண்டும், அதைத் தாம் போதுமான அளவு வலியுறுத்தவில்லை என்றும் ஒப்புக்கொள்கிறார். எனக்கு அந்த ஒப்புதலே நாவலின் இன்னொரு அத்தியாயம் போலத் தோன்றும். ஜீன் ரீஸ் 1966இல் 'வைட் சர்காசோ சீ' என்ற நாவலை எழுதிப் பெர்த்தாவுக்கு அன்டோய்னெட் என்ற பெயரையும் கரீபியத் தீவில் கழிந்த ஓர் இளமையையும் தந்தபோது, நோயின் பெயரை மாற்றவில்லை. பெண்ணின் பெயரை மாற்றினார்.

பெயரை நம்பும் நம் ஆசையை வைத்து விளையாடியவரும் உண்டு. இயன் மெக்கியூவனின் 'என்டூரிங் லவ்' நாவலின் முடிவில் டி கிளேராம்போ நோய்க்கூறு (இன்னொருவர் தன்னைக் காதலிப்பதாகப் பொய்யாக நம்பும் மனநோய்) பற்றிய மருத்துவ ஆய்வுக் கட்டுரை ஒன்று இணைக்கப்பட்டிருக்கிறது. அதை உண்மையான கட்டுரை என்றே நம்பிய விமர்சகர்கள் உண்டு. கட்டுரையாசிரியர்களாகக் குறிப்பிடப்படும் வென், கமியா ஆகிய இரண்டு பெயர்களின் ஆங்கில எழுத்துகளை மாற்றி அடுக்கினால் நாவலாசிரியரின் பெயரே வந்து நிற்கும்.

நாடிக்குறிப்பு:

நண்பர்கள் சொன்னதில் பெரும்பகுதியை ஏற்கிறேன். ஆனாலும் மருத்துவர்கள் எல்லோரும் பிராட்ஷாக்கள் என்பதுபோல இந்த இழை போய்விடக் கூடாது. ஜார்ஜ் எலியட்டின் 'மிடில்மார்ச்' நாவலில் லிட்கேட் என்ற இளம் மருத்துவர் இருக்கிறார். மருந்து விற்றுப் பிழைக்க மாட்டேன் என்று அவர் அறிவித்ததும் ஊர் எப்படிக் கொதிக்கிறது என்பதைப் படித்துப் பாருங்கள். பழுப்புக் கலவையைவிட இளஞ்சிவப்புக் கலவைதான் தன்னைத் தாங்கி நிறுத்துகிறது என்று நம்பும் மளிகைக்கடைக்காரரின் மனைவியைப் போன்றவர்கள் என்னிடமும் நிறையப் பேர் வந்திருக்கிறார்கள்!

அதே நாவலில் கசோபன் என்ற முதிய அறிஞர் அந்த லிட்கேட்டை அழைத்துத் தம் நோய் என்னவென்று நேராகக் கேட்கிறார். லிட்கேட்டும் மறைக்காமல், இதயத் தசை கொழுப்பாகிச் சிதையும் நோய் என்றும், ஸ்டெதஸ்கோப்பைத் தந்த லேனெக் ஆராய்ந்தது என்றும், எப்போது என்ன ஆகும் என்று உறுதியாகச் சொல்ல முடியாது என்றும் விளக்குகிறார். கேட்டவரிடமே, அவர் உயிரோடு இருக்கும்போதே, தெரியாததைத் தெரியாது என்ற சொல்லோடு சேர்த்துச் சொல்லப்பட்ட பெயர் அது. அதன் பிறகு மருத்துவர் போய்விடுகிறார்; நாவல் போகவில்லை. எல்லோரும் ஒருநாள் சாகத்தான் வேண்டும் என்பது, நான் சாகப்போகிறேன், அதுவும் விரைவில் என்று மாறும்போது மனத்துக்குள் என்ன நடக்கிறது என்பதைத் தோட்டத்தில் அவரோடு நின்று ஜார்ஜ் எலியட் எழுதுகிறார். கசோபனின் மனைவி டொரோத்தியா வந்து கணவரின் கையோடு கை கோக்கப் பார்க்கிறாள். அவர் இரண்டு கைகளையும் பின்னால் கட்டியபடியே விறைத்து நிற்கிறார். எத்தனையோ வீடுகளில் இப்படி ஒரு செய்தியைச் சொல்லிவிட்டுப் படியிறங்கியிருக்கிறேன். நான் இறங்கிய பிறகு உள்ளே என்ன நடந்திருக்கும் என்பதை இந்த அத்தியாயம்தான் எனக்குக் காட்டியது.

மெய்யெழுத்து:

அனைவருக்கும் நன்றி. அட்டவணையை எடுக்கவில்லை, வலப்பக்கத் தலைப்பை மட்டும் மாற்றியிருக்கிறேன். நோயின் பெயருக்குப் பதிலாக, நாவலுக்குள் அந்தப் பெயரை யார், யாரிடம், எப்போது சொல்கிறார் என்று இருக்கும். பெர்த்தாவின் வரிசையில் ஒரு கடிதத்தின் தேதி வருகிறது. ஜோவின் வரிசையில் 1956 வருகிறது.

ஒரு சிறு ஐயம் மிச்சமிருக்கிறது. பிராட்ஷாவின் 'புரப்போர்ஷன்' என்ற சொல்லைத் தமிழில் எப்படித் தருவது? 'விகிதம்' என்றால் கணக்குப் பாடமாகிவிடுகிறது, 'மனச்சமநிலை' என்றால் மருத்துவமனைச் சுவரொட்டி போல இருக்கிறது.

அடிக்கோடு:

'நிதானம்' என்று போட்டுப் பாருங்கள். "அவருக்கு நிதானம் இல்லை" என்று பிராட்ஷா சொன்னால், பைத்தியம் என்ற சொல்லை வாயால் சொல்லாமலே கேட்பவரை அதை நினைக்கவைத்துவிடலாம். சொன்னவரின் கௌரவத்துக்கும் குறைவு வராது.